பம்பையை நாற்பதில் வைத்திருக்கிறேன்

மைசூர், மேட்டகள்ளி,
ஞாயிற்றுக்கிழமை.

மதிப்புக்கும் பாசத்துக்கும் உரிய தொட்டையண்ணன் அவர்களுக்கு, உங்கள் உடன்பிறந்த தங்கை லீலா வணங்கி எழுதிக்கொள்வது. இங்கே நானும், என் வீட்டுக்காரரும், முட்டி வைத்தியத்துக்கு வந்த பாப்பாத்தி அண்ணியும் அம்மன் புண்ணியத்தில் சுகமாக இருக்கிறோம். அங்கே நீங்களும் உங்கள் மகன் கவின்ராஜும் மாடுகன்றுகளும் சௌக்கியமா என்று கேட்டு எழுதுவதுதான் முறை. ஆனால் நீங்கள் வாட்ஸ்அப்பில் அனுப்பிய குரல் செய்தியை இந்த வீதி முழுக்கக் கேட்டுவிட்டது. நெஞ்சில் சளி இல்லை, மூச்சு நன்றாக இருக்கிறது, பல் ஒன்றும் ஆடவில்லை என்று எல்லோரும் தெரிந்துகொண்டோம். ஆகையால் உங்கள் நலத்தை நான் விசாரிக்கவில்லை.

கையில் போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று நினைப்பீர்கள். போனில் நீங்கள் பேசுவீர்கள், நான் "ஊம்" கொட்டுவேன். நான் வாயைத் திறந்தால் "இராயா, நான் சொல்லி முடிச்சிர்றேன்" என்பீர்கள், சொல்லி முடித்ததும் வைத்துவிடுவீர்கள். கடிதத்தில் அந்த வசதி உங்களுக்குக் கிடையாது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஓர் இடத்தில் உட்கார்ந்து கடைசி வரை படித்துத்தான் ஆகவேண்டும். கவின்ராஜிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லலாம் என்றும் பார்க்காதீர்கள். அவனைக் கன்னடப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தது நீங்கள்தான், அவனுக்கு இதில் ஓர் எழுத்தும் தெரியாது. அது எனக்குச் சௌகரியமாகப் போயிற்று.

உங்கள் குரல் செய்தியில் நீங்கள் கேட்டதில் முக்கியமானது இதுதான்: "ஏனாயா லீலா, உனக்குப் புத்தி கெட்டுப் போச்சா? நம்ம அம்மனை வெச்சு லாரி ஓட்டறயா? அந்தப் பம்பையை இன்னைக்கே நிறுத்து. உங்க அண்ணியக் கொள்ளேகால் பஸ்ஸுல ஏத்தி உடு. நோம்பிக்கு வந்து சபையில மன்னிப்புக் கேளு." இதில் கடைசியாகச் சொன்னதிலிருந்து முதலில் சொன்னது வரை எதையும் நான் செய்யப் போவதில்லை. ஏன் என்பதை விவரமாக எழுதுகிறேன், ஏனென்றால் உங்களுக்கு வந்த செய்தி பாதிச் செய்தி. அதை அனுப்பியவர் என் வீட்டுக்காரர். அவரிடம் பிறகு பேசிக்கொள்கிறேன்.

லாரி என்றால் நிஜ லாரி இல்லை. என் பையன் பிரசாந்த் பெங்களூருக்கு வேலைக்குப் போனபோது டிவியில் மாட்டி விளையாடுகிற அந்த கேம் பெட்டியை இங்கேயே விட்டுவிட்டுப் போனான். "தூசு படாம பாத்துக்கோம்மா" என்றான். தூசு தட்டப் போய்த்தான் ஒரு நாள் கைதவறி அதை ஆன் செய்துவிட்டேன். திரையில் ஒரு லாரி நின்றிருந்தது, எதிரே மலை, மலையைச் சுற்றிக்கொண்டு ரோடு. நம் மாதேஸ்வரன் மலைக்குப் போகிற ரோட்டைப் போலவே அப்படி ஒரு வளைவு. அந்த மலை பஸ்ஸில் சின்ன வயதிலிருந்து நான் ஜன்னலோரம் உட்கார்ந்து வாந்தி எடுத்ததுதான் உங்களுக்குத் தெரியுமே, "இவளை ஏன் கூட்டிட்டு வந்தீங்க" என்று நீங்கள் முன்சீட்டிலிருந்து திரும்பித் திட்டியதும் எனக்கு நினைவிருக்கிறது. அதே மாதிரி மலையில் ஸ்டீயரிங்கை என் கையில் கொடுத்தால் விடுவேனா? ஐம்பது வயதுக்கு மேல் லாரி டிரைவரானேன். மலையேற மலையேற ஒரு முறைகூட வாந்தி வரவில்லை, ஓட்டுகிறவருக்கு வராது என்று இப்போதுதான் புரிகிறது.

ஊதுபத்தி கம்பெனியில் பொழுதன்றைக்கும் நின்றபடி பாக்கெட் போட்டுவிட்டு வந்து, அடுப்பில் குக்கரை ஏற்றிவிட்டு, விளக்கு வைத்த பிறகு ஒரு மணி நேரம். அது என் நேரம். அதற்கு முன்னாலும் பின்னாலும் டிவி என் வீட்டுக்காரருடையது. அவருக்கு மில்லில் வேலை செய்து காது மந்தம், அதனால் செய்தியில் நாலு பேர் ஒருவரை ஒருவர் பார்த்துக் கத்துகிறபோது அவர் இன்னும் கொஞ்சம் சத்தத்தை ஏற்றிவைத்துக்கொண்டு கேட்பார். நானும் ஒன்றும் சொன்னதில்லை.

ஆனால் இந்த கேமில் ஒரு தொல்லை இருந்தது. வளைவு வந்ததோ இல்லையோ, அதற்குள்ளிருந்து ஒரு பாட்டு கிளம்பும். வாய்ப்பாட்டு இல்லை, தகரத்தில் கல்லைப் போட்டுக் குலுக்குகிற மாதிரி ஒரு சத்தம். பள்ளம் பக்கத்தில் வர வர அது வேகமாகும். அது வேகமானால் நான் அவசரப்பட்டு ஸ்டீயரிங்கை ஒடித்துவிடுவேன், ஒடித்தால் லாரி பள்ளத்தில். தினமும் லோடு லோடாகக் கண்ணாடிச் சாமான் உடைந்தது. பிரசாந்துக்குப் போன் போட்டு, "பாட்டுப் போடறவனை நிறுத்தச் சொல்லுடா" என்றேன். அவன் சிரித்துவிட்டு, "அம்மா, செட்டிங்ஸ் உள்ள போ. மூணு கோடு இருக்கும். ஒண்ணு பாட்டு, ஒண்ணு வண்டிச் சத்தம், ஒண்ணு பேச்சு. எது எவ்வளவு வேணுமோ நீயே வெச்சுக்கோ. பூஜ்யத்துல இருந்து நூறு வரைக்கும் உன் இஷ்டம்" என்றான்.

அண்ணா, இந்த இடத்தில் கொஞ்சம் நிறுத்திப் படியுங்கள். என் இஷ்டம் என்றான். நான் பிறந்ததிலிருந்து என் காதில் என்ன விழ வேண்டும், எவ்வளவு விழ வேண்டும் என்று என்னை யாரும் கேட்டதில்லை. நம் வீட்டில் நீங்கள் டேப் ரெக்கார்டர் வாங்கினீர்களே, அதன் சத்தத் திருகின் மேல் நான் தொடக் கூடாது என்று பிளாஸ்திரி ஒட்டி வைத்தீர்கள். கம்பெனியில் சூப்பர்வைசர் ரேடியோவைத் தன் மேஜை மேல் வைத்திருக்கிறார். கொஞ்சம் குறையுங்கள் சார் என்றால், "எல்லாருக்கும் இஷ்டம்மா" என்கிறார், எல்லாரும் என்பது அவர் ஒருவர்தான். பஸ்ஸில் டிரைவர் வைத்ததுதான் பாட்டு. வீட்டில் செய்தி. இப்படியிருக்க, மூன்று கோட்டையும் என் கட்டைவிரலுக்குக் கீழே கொண்டுவந்து வைத்தால் எனக்கு எப்படி இருந்திருக்கும்? கண்ணில் தண்ணீர் வந்தது என்று எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் வந்தது. அந்தத் தகரச் சத்தத்தைப் பிடித்து இழுத்துப் பூஜ்யத்தில் வைத்தேன்.

வைத்தால் ஒரே அமைதி. பழக்கமில்லாத அமைதியில் எனக்குத் தூக்கம் வந்து, லாரி போய் ஒரு பெட்ரோல் பங்க்கில் முட்டியது. மறுபடியும் பிரசாந்த். "பென் டிரைவ்ல இருக்கற நம்ம பாட்டையே பின்னாடி ஓட விடலாம்மா" என்று வழி சொன்னான். சினிமாப் பாட்டு போட்டேன், அதிலும் சோகப் பாட்டாக வந்து தொலைத்தது, அழுதுகொண்டே பள்ளத்தில் விழுந்தேன். சாமி பாட்டு போட்டேன், மனசு அடங்கி அடங்கி லாரியும் நடக்கிற வேகத்துக்கு வந்து, பின்னால் வந்தவர்கள் எல்லாம் ஹாரன் அடித்தார்கள். அப்புறம்தான் அந்தப் பென் டிரைவில் பிரசாந்த் மூன்று வருஷத்துக்கு முன்னால் நம் அம்மன் நோம்பித் திருவிழாவில் பதிவு செய்த பம்பை மேளம் கிடைத்தது. போட்டேன் அண்ணா. முதலில் மெதுவாக ஆரம்பித்து, உடுக்கை சேர்ந்து, அப்படியே ஏறுகிறதே, அந்த ஏற்றத்துக்கும் இந்த மலை ஏற்றத்துக்கும் யாரோ அளவெடுத்த மாதிரி இருந்தது. ஒரு கண்ணாடி உடையாமல் உச்சிக்குப் போய்ச் சேர்ந்தேன். அன்றிலிருந்து பம்பைதான்.

இதில் அவமரியாதை எங்கே இருக்கிறது என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும். ஊரில் டிராக்டர் வாங்கினால் அம்மனுக்கு முன்னால் நிறுத்திப் பம்பை அடித்துத்தானே எடுக்கிறீர்கள். அதற்குச் சக்கரம் நாலு, இதற்கும் சக்கரம் நாலுக்கு மேல்தான்.

இப்படி நான் பாட்டுக்கு ஓட்டிக்கொண்டிருந்தபோதுதான் நீங்கள் அண்ணியை முட்டி வைத்தியத்துக்கு இங்கே அனுப்பி வைத்தீர்கள். வந்த முதல் வாரம் ஆஸ்பத்திரி, தைலம், ஓய்வு என்று போயிற்று. நானும் மரியாதைக்காக லாரியைத் தொடவில்லை. அண்ணிதான், "எனக்காச்சுட்டி நீ ஏன் அம்மிணி சும்மா உக்காந்திருக்கற? உன்ற வேலையப் பாரு" என்றார். சரி என்று பெட்டியைப் போட்டேன். அண்ணி உள்ளே பூண்டு உரித்துக்கொண்டிருந்தார். பம்பையை எண்பதில் வைத்திருந்தேன். மலையேறுகிற மும்முரத்தில் எனக்கு ஒன்று மறந்தே போய்விட்டது. வருஷா வருஷம் நோம்பியில் இதே பம்பைக்குத்தான், இதே ஏற்றத்தில்தான் அண்ணிக்கு அருள் வரும் என்பது. நீங்கள் நினைக்கிற மாதிரி நான் கூப்பிட்டுப் பார்க்கவில்லை. சத்தியமாக மறந்துவிட்டேன்.

கடைசிக்கு முந்தின வளைவில் உள்ளே தட்டு விழுந்தது. திரும்பினால் பூண்டெல்லாம் தரையில், அண்ணி நிலைப்படியில் நிற்கிறார், தலை அவிழ்ந்திருக்கிறது, கண் அம்மனுடைய கண். எனக்குக் கையிலிருந்த ரிமோட் நழுவிவிட்டது. ஓட்ட ஆளில்லாத லாரி நேராகப் பள்ளத்தைப் பார்த்துப் போயிற்று. அம்மன் டிவியைப் பார்த்தாள். பார்த்துவிட்டு, "என்ற எல்லைக்குள்ள வண்டியக் கவுக்கறது யாருடி?" என்று ஒரு அதட்டு அதட்டினாள். என் வீட்டுக்காரர் வேட்டியை வரிந்துகொண்டு நெடுஞ்சாண்கிடையாக விழுந்து, "தாயி, தப்பாயிடுச்சு, தப்பாயிடுச்சு, இனிமே இவ மெல்லகே ஓட்டுவா" என்று எனக்காக வாக்குக் கொடுத்தார். மஞ்சள் தண்ணீர் கேட்டாள், கரைத்துக் கொடுத்தோம். வேப்பிலை கேட்டாள். இரண்டாம் மாடியில் வேப்பிலைக்கு எங்கே போவது, கறிவேப்பிலைதான் இருந்தது, கொடுத்தோம். ஒரு பார்வை பார்த்துவிட்டு வாங்கிக்கொண்டாள்.

இந்தச் சமயத்தில்தான் கீழ்வீட்டிலிருந்து வீட்டு ஓனர் கௌரம்மா மேலே வந்தார். சத்தத்தைப் பற்றிச் சண்டை போடத்தான் வந்தார். "ஏன்ரீ இது கலாட்டே?" என்று ஆரம்பித்தவர், அண்ணியைப் பார்த்ததும் "அய்யோ, தேவரு பந்திதே", சாமி வந்திருக்கிறது என்று சொல்லித் தலையில் முந்தானையைப் போட்டுக்கொண்டு காலில் விழுந்துவிட்டார். விழுந்தவர் சும்மா இருந்திருக்கலாம். மாடித் தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றுகிற மோட்டார் அடிக்கடி எரிந்துபோகிறது, என்ன தோஷம் என்று கேட்டார். கன்னடத்தில் கேட்டதற்கு அம்மன் தமிழில் பதில் சொன்னாள், "மோட்டாரு கெடக்குது, மொதல்ல இவ ஊட்டு ஒழுகலை அடைச்சுக் குடு." என் வீட்டுக்காரர் படுத்தபடியே அதைக் கன்னடத்தில் மொழிபெயர்த்தார். இந்த ஒழுகலை நான் எத்தனை மழைக்காலமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன், "மாடிஸ்தீனி, மாடிஸ்தீனி" என்று, அதாவது செய்து தருகிறேன் என்று, இழுத்தடித்த அம்மா மறுநாளே கொத்தனாரைக் கூட்டி வந்து அடைத்துவிட்டார். இதற்கு நீங்கள், "அம்மனை வெச்சு ஊட்டு ரிப்பேர் பாக்கறயா" என்று கேட்டிருக்கிறீர்கள். நான் ஒன்றும் சொல்லவில்லை அண்ணா. அவளாகச் சொன்னாள். அவள் வந்து நின்ற இடத்துக்கு நேர் மேலேதான் சொட்டிக்கொண்டிருந்தது.

என் வீட்டுக்காரர் எழுந்ததும் பக்தி முற்றிப்போய், போனில் வீடியோ எடுத்து நம் குடும்பக் குழுவில் போட்டார். அதில்தான் எல்லாம் கெட்டது. முன்னால் அம்மன் நிற்க, பின்னால் டிவியில் லாரி கவிழ்ந்து சக்கரம் மட்டும் சுற்றிக்கொண்டிருந்ததை நீங்கள் பார்த்துவிட்டீர்கள். நம் ஊர் நோம்பியை முன்னின்று நடத்துகிறவர் நீங்கள், அதனால் சபையில் உங்களுக்குத் தலைகுனிவு என்று சொல்கிறீர்கள். சரி. ஆனால் அந்த வீடியோவில் இல்லாததை இப்போது எழுதப் போகிறேன். கோபப்படுவதானால் இதற்குக் கோபப்படுங்கள்.

இரண்டு நாள் பம்பையைத் தொடவில்லை, பயம்தான். அண்ணியே, "போடு அம்மிணி, எனக்கு ஒண்ணும் ஆகாது" என்றார். போட்டேன். அதே வளைவு, அதே ஏற்றம், அண்ணிக்குத் தோள் குலுங்க ஆரம்பித்துவிட்டது. என் வீட்டுக்காரர் "ஆஃப் மாடு, ஆஃப் மாடு!" என்று கன்னடத்தில் அணைக்கச் சொல்லிக் கத்துகிறார். அணைக்கலாம் என்றுதான் பட்டனை அழுத்தினேன், பதற்றத்தில் வேறு பட்டனை அழுத்திவிட்டேன், திரையில் அந்தக் கோடு வந்து நின்றது. பாட்டு, எண்பது. சட்டென்று நிறுத்தினால் அண்ணிக்கு என்ன ஆகுமோ என்று எனக்கு அப்போதுதான் தோன்றியது. அதனால் கட்டைவிரலால் மெதுவாக இறக்கினேன். அறுபதில் தோள் குலுக்கல் தளர்ந்தது. நாற்பதில் அண்ணி சுவரைப் பிடித்துக்கொண்டார். அங்கேயே கொஞ்ச நேரம் வைத்திருந்தேன். இன்னும் இறக்கினேன், தானாகவே பாயில் உட்கார்ந்தார். பம்பை காதில் விழுந்தும் விழாமலும் இருந்தபோது, அண்ணி தன் சொந்தக் குரலில், "அம்மிணி, கொஞ்சம் குடிக்கத் தண்ணி" என்றார்.

அண்ணா, நீங்கள் கல்யாணம் ஆனதிலிருந்து பார்க்கிறீர்கள். நோம்பியில் அண்ணி ஒரு வருஷமாவது தானாக உட்கார்ந்து தண்ணீர் கேட்டிருக்கிறாரா? அடியற்ற மரமாக விழுவார். நாலு பேர் தூக்கிக்கொண்டு போய் வீட்டில் போடுவீர்கள். அப்புறம் ஒரு வாரம் எழுந்து நடக்க முடியாது. இப்போது முட்டி போய்விட்டது, டாக்டர் என்ன கேட்டார் தெரியுமா, "இவங்க எங்கேயாவது உயரத்துல இருந்து விழுந்தாங்களா?" என்று கேட்டார். வருஷா வருஷம் விழுகிறார் என்று நான் எப்படிச் சொல்வது?

அன்றைக்குத் தண்ணீரைக் குடித்துவிட்டு அண்ணி என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார், "யாரு அம்மிணி கொறச்சது?" நான்தான் என்றேன். தண்ணீர்ச் சொம்பைக் கீழே வைத்தார். அப்புறம் அழுதார். "அவ வர்றது நெசம். நான் பொய் சொன்னா என்ற நாக்கு அழுகிப் போகட்டும். வந்தவ சித்த நேரம் இருந்துட்டுப் போயிருவா. அவ போலாம்னு கெளம்பினதுக்கப்புறமும் உடாம அடிக்கறாங்க பாரு, அதுதான் என்னால தாங்க முடியறதில்ல. கை காட்டுவேன், ஒருத்தரும் பாக்க மாட்டாங்க. இத்தன வருஷத்துல கொறைக்கலாம்னு ஒருத்தருக்குத் தோணலையே" என்றார்.

ஒருத்தருக்கும் தோன்றவில்லை என்று அண்ணி சொன்னது உங்களைக் காப்பாற்றத்தான். எனக்கு அந்தப் பெருந்தன்மை இல்லை. பக்கத்து ஊர் நோம்பியைவிட நம் ஊரில் அருள் அதிக நேரம் நின்றது என்று பேர் வர வேண்டும் என்பதற்காக, பந்தல் காலில் சாய்ந்துகொண்டு நீங்கள் பம்பைக்காரருக்குப் புருவத்தை உயர்த்திக் காட்டுவதை நான் பார்த்திருக்கிறேன். "இன்னும் அடி" என்று அர்த்தம். நம் வீட்டு டேப் ரெக்கார்டர் திருகில் பிளாஸ்திரி ஒட்டிய அதே கை, அதே புருவம். எனக்கு ரத்தம் கொதிக்கிறது அண்ணா. அம்மனை அவமதித்தது நானா? வீட்டுக்கு வந்த ஒறம்பரையைப் போக விடாமல் வாசலை மறித்துக்கொண்டு மேளம் அடிப்பது எந்த ஊர் மரியாதை?

ஆகவே என் முடிவைக் கேட்டுக்கொள்ளுங்கள். பம்பையை நிறுத்த மாட்டேன். தினமும் விளக்கு வைத்ததும் அது ஓடும், நான் வைத்த அளவில் ஓடும். இப்போது நாற்பதில் வைத்திருக்கிறேன். நாற்பதில் அண்ணி பூண்டும் உரிக்கிறார், காலால் தாளமும் போடுகிறார், அம்மனும் எங்கேயோ பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கிற மாதிரி வீடு நிறைவாக இருக்கிறது. கௌரம்மாகூட விளக்கு வைத்ததும், "இவத்து லாரி இல்வா?" என்று, அதாவது இன்றைக்கு லாரி இல்லையா என்று கேட்டுக்கொண்டு தட்டில் பூவோடு வந்துவிடுகிறார். அண்ணியைப் பஸ்ஸில் ஏற்ற மாட்டேன். நோம்பிக்கு அண்ணி வர வேண்டுமானால், பம்பைக்காரர் உங்கள் புருவத்தைப் பார்க்காமல் அண்ணியின் கையைப் பார்த்து அடிக்க வேண்டும். கை தாழ்ந்தால் பம்பை தாழ வேண்டும், கை நின்றால் பம்பை நிற்க வேண்டும். இதைச் சபையில் எல்லோர் முன்னாலும் நீங்களே சொல்ல வேண்டும். நான் பக்கத்திலேயே நிற்பேன். சம்மதம் இல்லையென்றால் வேறு யார் மேலாவது அருள் வருகிறதா என்று தேடிக்கொள்ளுங்கள், உங்கள் மேலேயே வந்தாலும் சந்தோஷம். விழுந்து பார்த்தால்தான் முட்டி என்ன என்று தெரியும்.

சபையில் மன்னிப்பு என்றீர்கள். கண்ணாடிச் சாமான் உடைத்ததற்கு அந்த லாரி முதலாளியிடம் வேண்டுமானால் கேட்கிறேன். வேறு யாரிடமும் கேட்பதற்கு என்னிடம் மன்னிப்பு இல்லை.

மற்றபடி, பெரியவர்கள் எல்லோருக்கும் என் வணக்கத்தையும், கவின்ராஜுக்கு இந்த அத்தையின் அன்பையும் சொல்லவும். மாட்டுக்குத் தண்ணீர் காட்ட மறந்துவிடாதீர்கள், இத்தனை நாளும் அதை அண்ணிதான் செய்துகொண்டிருந்தார் என்பதால் சொல்கிறேன். உங்கள் காலைத் தொட்டு ஆசி கேட்பது என் கடமை, கேட்கிறேன், ஆனால் இந்தத் தடவை குனியாமல் கேட்கிறேன். நீங்கள் நூறு வருஷம் நன்றாக இருக்க வேண்டும், சத்தம் மட்டும் கொஞ்சம் குறைவாக.

இப்படிக்கு,
என்றும் உங்கள் தங்கையான,
லீலா கிருஷ்ணராஜ்.

பின்குறிப்பு: இதை எழுதி உறையில் போட்டு, ஒட்டுவதற்குச் சோற்றுப் பருக்கை எடுக்க உள்ளே போயிருந்தேன். திரும்பி வந்து பார்த்தால் என் ரிமோட் அண்ணி கையில் இருக்கிறது. "சும்மா ஒரு தரம் பாக்கறேன் அம்மிணி" என்றார். சரி என்று விட்டது என் தப்பு. நேராக அந்த மூன்று கோட்டுக்குப் போனார். பாட்டு என்கிற கோட்டை நாற்பதிலிருந்து இழுத்துப் பூஜ்யத்தில் வைத்தார். பம்பை நின்றுவிட்டது. இத்தனை பக்கம் நிறுத்த மாட்டேன், நிறுத்த மாட்டேன் என்று உங்களிடம் நான் சண்டை போட்டேனே, அந்தப் பம்பை. "ஐயோ அண்ணி, அது இல்லாம ஓட்ட முடியாது" என்றேன். "எனக்கு முடியும்" என்றார். லாரிச் சத்தம் மட்டும் கேட்க, எனக்குத் தூக்கம் வந்த அதே அமைதியில், ஒரு வளைவில்கூட உரசாமல் உச்சிக்குப் போய் நிறுத்திவிட்டு, "இப்பத்தான் அம்மிணி நான் ஓட்டறது எனக்கே கேக்குது" என்றார். முகத்தில் அப்படி ஒரு சிரிப்பு, நான் பார்த்ததே இல்லை.

அப்புறம் சொன்னார், "அண்ணனுக்கு எழுதறயல்ல, கையும் வேண்டாம் பம்பையும் வேண்டாம், இந்த நோம்பிக்கு நான் வரலைன்னு எழுது. அவளுக்கு என்னையப் பாக்கோணும்னா இங்க வருவா. ரெண்டு தரம் வந்திருக்கறா, வழி தெரியும்." அதற்கப்புறம் பேச்சு என்கிற கோட்டையும் பூஜ்யத்தில் வைத்துவிட்டார். இப்போது கேமுக்குள்ளும் யாரும் பேசுவதில்லை, வெளியே நான் பேசினாலும் பதில் இல்லை. ரிமோட்டைத் திருப்பித் தருகிற உத்தேசமே காணோம். என் ஒரு மணி நேரம் போயிற்று, நான் இந்தப் பக்கம் என் வீட்டுக்காரரோடு உட்கார்ந்து அவருடைய போனில் நாலு பேர் கத்துவதைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். ஆகையால் அண்ணா, மேலே எழுதியதை எல்லாம் தள்ளி வைத்துவிட்டு, தயவுசெய்து இது கைக்குக் கிடைத்ததும் முதல் பஸ்ஸைப் பிடித்து வந்து அண்ணியை அழைத்துக்கொண்டு போங்கள். முடிந்தால் பம்பைக்காரரையும் கூட்டி வாருங்கள்.

உங்கள் குரல் செய்தியை அண்ணிக்குப் போட்டுக் காட்டினால் மனசு மாறுவார் என்று அதையும் செய்து பார்த்தேன். ரோட்டிலிருந்து கண்ணை எடுக்காமல் போனை வாங்கினார், பக்கத்திலிருந்த பட்டனை அழுத்தி அழுத்திச் சத்தத்தைப் பூஜ்யமாக்கினார், அப்படியே மடியில் வைத்துக்கொண்டு கடைசி வரை ஓடவிட்டார். நிறுத்தியே விடலாமே என்று கேட்டேன். கட்டின புருஷன் பேச்சைப் பாதியில் நிறுத்தக் கூடாதாம்.